மாதையன் கண்ணில் வைத்த வெளிச்சம்

கிணற்றுக்குப் படி கட்டியது மேலே ஏறுவதற்கு மட்டுமே, கீழே இறங்குவதற்கு அல்ல. இது மாதையனின் கண்டுபிடிப்பு. பொம்மிடியிலிருந்து சேர்வராயன் மலை நீலமாகத் தெரிகிற பக்கம் போனால் வரிசையாகப் பதினோரு ஊர்கள் வரும். அந்தப் பதினோரு ஊரிலும் இதை மறுத்துப் பேச ஆள் கிடையாது. யாராவது வாயைத் திறந்தால் மாதையன் கேட்பான்.

"தவளை படியில எறங்கி நீ பாத்திருக்கியா? மீன்கொத்தி? சரி, அதெல்லாம் வுடு. மழை? மழை என்னிக்காவது படி படியா எறங்கி கெணத்துக்குள்ள போச்சுதா?"

மழையையே சாட்சிக்குக் கூப்பிடுகிறவனோடு யார் வழக்காடுவது? படியில் இறங்கிக் குளிக்கிறவர்களைப் பார்த்தால் அவனுக்கு இளக்காரம். "அவன் குளிக்கப் போவல. கெணத்துக்குக் குடித்தனம் போறான். பின்னாலயே சட்டி பானை வருதான்னு பாரு" என்பான்.

இளக்காரம் பேச அவனுக்கு உரிமை இருந்தது. நாற்பத்தெட்டு வயதில் எட்டு ஆள் ஆழக் கிணற்றில் தலைகீழாகக் குதித்து, அடியில் போய், மூச்சு விடாமல் வேலை செய்து திரும்புகிற ஆள் வேறு யாரும் இல்லை. வேலை என்பது புட்வால் சுத்தம் செய்வது. மோட்டார் குழாயின் கடைசியில், தண்ணீரின் அடியில் ஒரு இரும்புக் கூடை தொங்கும். அதில் பாசியோ சருகோ அடைத்துக்கொண்டால் மோட்டார் தண்ணீருக்குப் பதிலாகக் காற்றைக் குடித்துவிட்டுச் செருமும். உடனே மாதையனுக்கு ஆள் போகும். மாதையன் வருவான், வேட்டியை அவிழ்த்து மடித்து வைப்பான், கிணற்று விளிம்பில் நின்று கிழக்கே ஒரு பார்வை பார்ப்பான். பிறகு ஆள் இருக்க மாட்டான். கீழே ஒரு சத்தம் கேட்கும்.

இடது கண் ஆறு வருஷத்துக்கு முன்பே போய்விட்டது. முதலில் அதில் தலைப்பிரட்டைகள் நீந்தின. அப்புறம் ஓரத்தில் இடியில்லாத மின்னல் வெட்டியது. ஒருநாள் மூலையிலிருந்து கறுப்பாக ஒரு சாக்கு இறங்கி, அந்திக்குள் மூடிக்கொண்டது. கிணறுகளில் ஏதோ ஒன்று அந்தக் கண்ணுக்கு ஆசைப்பட்டு எடுத்துக்கொண்டது என்று மாதையன் ஊருக்குச் சொன்னான். கண்ணைக் கொடுத்துவிட்டதால் இனிப் பதினோரு ஊர்த் தண்ணீரும் தனக்குச் சம்பந்தி முறை என்றும் சொன்னான். பெருமை கூடியதே தவிரக் குறையவில்லை.

எண்பத்தாறாம் வருஷம் மாசி மாதம், வலது கண்ணின் முறை வந்தது.

மதியம் களி தின்றுகொண்டிருந்தான். புளிச்சாற்றில் ஒரு பூச்சி. விரலால் எடுக்கப் போனான், நகர்ந்தது. மறுபடியும் போனான், மறுபடியும் நகர்ந்தது. கிண்ணத்தைத் தள்ளிவிட்டுச் சுவரைப் பார்த்தான். பூச்சி சுவருக்கு வந்திருந்தது.

அவன் மனைவி தீர்த்தம்மாள் எதிரில் உட்கார்ந்து இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எத்தினி?" என்றாள்.

"என்னாது எத்தினி?"

"பூச்சி."

மாதையன் களி உருண்டையைப் பிட்டான்.

"மின்னுதா?"

"மின்னுனா என்னா, மழ வரும்."

தீர்த்தம்மாள் கையைக் கழுவினாள். அவள் தட்டில் பாதிக் களி அப்படியே இருந்தது. போன தடவை பூசாரி, தாயத்து, பச்சிலை என்று பத்து நாள் போனதை அவள் மறக்கவில்லை. மறுநாள் காலை பொம்மிடி ஸ்டேஷனில் மெட்ராஸ் ரயிலுக்கு இருவரும் நின்றார்கள். ஒரு தூக்குச் சட்டியில் களி, ஒரு பையில் மாற்றுத் துணி, ஒரு கண்.

மெட்ராஸில் பெரிய கண்ணாஸ்பத்திரி. அங்கே ஒரு சின்ன வயசு டாக்டரம்மா. மாதையனை ஒரு எந்திரத்தில் மோவாயை வைக்கச் சொன்னார்கள். பச்சையாக ஒரு வெளிச்சம் வந்து குத்தியது. ஒன்று, இரண்டு என்று எண்ண ஆரம்பித்தவன் நூற்று அறுபதில் தூங்கிப்போனதாகப் பிற்பாடு சொன்னான். தூங்கவில்லை. நல்ல வெயிலில் கிணற்றின் அடியிலிருந்து மேலே பார்த்தால் தண்ணீர் இப்படித்தான் பச்சைப் பச்சையாக வெடிக்கும். தான் எங்கே இருக்கிறோம் என்பது அவனுக்குக் கொஞ்ச நேரம் தெரியவில்லை. மூச்சைக்கூட அடக்கிக்கொண்டிருந்தான்.

"அய்யா, மூச்சு விடுங்க" என்றாள் டாக்டரம்மா.

எல்லாம் முடிந்த பிறகு உட்கார வைத்துச் சொன்னாள். "கண்ணுக்குப் பின்னால மெல்லிசா ஒரு தாள் இருக்கு. சுவத்துல ஒட்டின தாள் மாதிரி. அது உங்களுக்கு ஓரத்துல கிழிஞ்சிருக்கு. கிழிசல் வழியா கண்ணுக்குள்ள இருக்கற நீர் பூந்துச்சுன்னா தாள் மொத்தமா உரிஞ்சு வந்துரும். அந்தக் கண்ணுல அதான் ஆச்சு. இதுல கிழிசலைச் சுத்தி லேசர் வெளிச்சத்தால ஒட்டியிருக்கோம். ஒட்டு இறுகணும். அதுக்கு நாளாகும். நீங்க என்ன வேலை செய்றீங்க?"

"குதிக்கறதுங்க."

"இல்ல, வேலையைக் கேட்டேன்."

"அதாங்க வேலை."

டாக்டரம்மா தீர்த்தம்மாளைப் பார்த்தாள். தீர்த்தம்மாள் புட்வால் கதையைச் சொன்னாள். கேட்டுவிட்டு டாக்டரம்மா பேனாவைக் கீழே வைத்தாள்.

"ஒரு வாரம் தலைக்குத் தண்ணி ஊத்த வேண்டாம். கழுத்துக்குக் கீழ குளிங்க. முகத்தை ஈரத்துணியால தொடைச்சுக்கங்க. ஆறு வாரம் கெணறு, ஏரி, ஆறு எதுலயும் நீந்தக் கூடாது. பாரம் தூக்கக் கூடாது, மூச்சை அடக்கி முக்கக் கூடாது. ஆறு வாரம் கழிச்சு வந்து காட்டுங்க. நான் பாத்துச் சரின்னு சொன்னா மெதுவா நீந்தலாம். நடுவுல மின்னினாலோ, திரை மாதிரி இறங்கினாலோ அன்னிக்கே வரணும், மறுநாள்னு வைக்கக் கூடாது."

"குதிக்கறது?"

"அது இனிமே வேண்டாம். முங்கறதும் வேண்டாம். அந்த அதிர்ச்சி ஒரு கண்ணு வெச்சிருக்கறவருக்கு ஆகாது. கெணத்துல படி இருக்கில்ல? படியில இறங்கிக் குளிங்க."

மாதையன் அந்த நிமிஷமே மெட்ராஸை வெறுத்தான். ரயிலில் ஜோலார்ப்பேட்டை வரைக்கும் ஒரு வார்த்தை பேசவில்லை. அதற்கப்புறம் பேசினான். "அந்தம்மா கெணத்தையே பாத்திருக்காது. கொழாயைத் தொறந்தா தண்ணி வர்ற ஊரு. படியாம் படி."

தீர்த்தம்மாள் படிக்கத் தெரியாதவள். டாக்டரம்மா சொன்னதை வரிசை மாறாமல் வாய்க்குள் சொல்லிச் சொல்லி நெட்டுருப் போட்டுக்கொண்டு வந்தாள்.

ஊருக்கு வந்து இறங்கியதும் செல்லி வந்தாள். பக்கத்து வீட்டுக்காரி. ஒரு விஷயம் அவள் காதில் விழுந்தால் பதினோரு ஊருக்கும் தந்தி அடித்த மாதிரி. தபால் ஆபீசுக்கு இந்தப் பக்கம் வருமானமே கிடையாது.

"கத்தி வெச்சாங்களாண்ணா?"

"கத்தியா! லேசரு" என்றான் மாதையன்.

"லேசருன்னா?"

"வெளிச்சம். பச்சை வெளிச்சம். நூத்தி அறுபது."

"நூத்தி அறுபது லைட்டா! கண்ணுக்குள்ள வெச்சுட்டாங்களா?"

இந்த இடத்தில் மாதையன் இல்லை என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. கொஞ்சம் யோசிக்கிற மாதிரி மலையைப் பார்த்தான்.

"வைக்கலடி செல்லி, ஒட்டிருக்காங்க. ஒட்டு" என்று உள்ளேயிருந்து தீர்த்தம்மாள் கத்தினாள். செல்லி பாதி வழி போய்விட்டிருந்தாள்.

ஒட்டு என்பதை யார் கேட்பார்கள்? ஓட்டைக் குடத்துக்குக்கூட ஒட்டுப் போடுகிறார்கள். வெளிச்சம் அப்படியா? நாலு நாளில் மாதையன் கண்ணில் பச்சை லைட்டு வைத்திருக்கும் செய்தி பதினோரு ஊருக்கும் போய்த் திரும்பியும் வந்தது. பார்க்க வந்தவர்கள் கிட்டே வந்து குனிந்து பார்த்தார்கள். எரியுது என்றார்கள் சிலர். பகல்ல தெரியாது என்றார்கள் சிலர். செல்லி தன் வீட்டு இருட்டறைக்கு அவனைக் கையைப் பிடித்துக் கூட்டிப்போய், எலி இழுத்துப்போன கொலுசு எங்கே என்று கேட்டாள். வேறு வேலையில்லாத மாதையன் அரை மணி நேரம் நிதானமாக உற்றுப் பார்த்து, குதிருக்குப் பின்னால் கண்டுபிடித்துக் கொடுத்தான். அத்தோடு சந்தேகப்பட்டவர்களும் வாயை மூடிக்கொண்டார்கள். அந்தக் கண்ணோடு மாதையன் கிணற்றுக்குள் போனால் அடியில் கிடக்கிற குண்டூசிகூடத் தப்பாது என்று ஆனது.

ஒரே சங்கடம், அந்தக் கண்ணைத் தண்ணீரில் நனைக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருப்பது. அதற்கும் காரணம் கண்டுபிடித்தார்கள். தீர்த்தம்மாளின் தம்பி பச்சியப்பன்தான் சொன்னான். "பேட்டரி நனைஞ்சா லைட்டு எரியுமா? அணைஞ்சுடும் இல்ல? அதான்." எல்லோருக்கும் அது சரியாகப் பட்டது. மாதையனுக்கேகூடப் பட்டது.

அவன் புங்கமரத்தடியில் கயிற்றுக் கட்டிலில் கிடந்தான். பங்குனி பிறந்து, புங்கம்பூ பொரி மாதிரி அவன்மேல் கொட்டிக்கொண்டிருந்தது. தினமும் காலையில் தீர்த்தம்மாள் வைக்கோல் போர் பக்கம் போய் நின்று விரல்களைக் காட்டுவாள். "மூணு" என்பான். "இப்ப?" "மூணே." "கண்ணோரத்துல?" "ஒன்னுமில்ல போடி." பிறகு வெதுவெதுப்பாகத் தண்ணீர் வைத்துக் கழுத்துக்குக் கீழே ஊற்றுவாள். ஈரத்துணியைப் பிழிந்து அவன் முகத்தைத் துடைப்பாள். அந்த நேரத்தில் மட்டும் மாதையன் பேச மாட்டான். செம்புத் தண்ணீர் முதுகில் ஓடி மண்ணில் விழுந்து காணாமல் போகிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருப்பான்.

மதியத்தில் காற்று நின்றுவிடும். மலை இடத்தை விட்டு எழுந்து கொஞ்சம் கிட்டே வந்து உட்கார்ந்தது போலிருக்கும். கண் மூடியும் மூடாமலும் இருக்கிறபோது பதினோரு ஊர்க் கிணறுகளும் ஒவ்வொன்றாக நடந்து வந்து கட்டிலைச் சுற்றி மாடு மாதிரி நிற்கும். ஈச்சங்காட்டுக் கிணறு குட்டை, அது முன்னால் நிற்கும். மணியக்காரர் கிணற்றுக்கு எப்போதும் உள்ளே ஒரு குளிர்ச்சி, அது மூச்சு விட்டால் அவன் கால் சில்லிடும். ஒன்றும் பேசாது. என்ன ஆச்சு உனக்கு என்கிற மாதிரி நிற்கும். மாதையன் கையை நீட்டுவான். கை கட்டிலுக்கு வெளியே, புங்கம்பூமேல் விழும்.

நாலாவது வாரம் பச்சியப்பன் வந்தான். வந்து கட்டிலுக்குப் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து பெருமூச்சு விட்டான்.

"நான் ஒன்னும் கேக்க வரல மாமா."

"கேக்காத."

"சும்மா பாத்துட்டுப் போலாம்னுதான்."

"பாத்துட்ட இல்ல?"

"மோட்டாரு ஓடுது, தண்ணி ஏறல. காத்துதான் வருது. அதச் சொல்ல வரல."

"சொல்லாத மச்சான்."

"தக்காளி, காயி எலந்தப்பழம் சைசுல நிக்குது. நாளன்னைக்குள்ள தண்ணி பாயலன்னா பூவும் காயுமா கொட்டிப்புடும். மெக்கானிக்கு முனிராஜு இருந்தாச் செயின் போட்டுக் கொழாயத் தூக்கிடுவான். அவன் திருப்பதிக்கு மொட்ட போடப் போயிருக்கான், வர நாலு நாளாவும். செயின் இல்லாம தூக்கணும்னா முப்பது ஆளு வேணும். யாரு வருவா இந்த வெயில்ல? நான் அதெல்லாம் உங்ககிட்டச் சொல்லவே இல்ல."

"நீ ஒன்னும் சொல்லல."

"அக்காகிட்டயும் சொல்லிடாதீங்க, நான் ஒன்னும் சொல்லலன்னு."

அவன் போன பிறகு மாதையன் எழுந்து சட்டையைப் போட்டுக்கொண்டு பொம்மிடிக்கு நடந்தான். ஸ்டேஷன் எதிரில் நூர் பாஷாவின் பஞ்சர் கடை. இருவரும் ஒரே வயது, ஒரே வருஷம் பள்ளிக்கூடத்தை விட்டு ஓடியவர்கள். நூர் பாஷா போட்ட ஒட்டு உரிந்ததாக ஜில்லாவில் வரலாறு இல்லை. ட்யூப் மக்கி மண்ணாகப் போகும், ஒட்டு மட்டும் நிற்கும். மாதையன் தண்ணீரைப் பற்றிப் பேசுகிற மாதிரி அவரும் ஒட்டைப் பற்றிப் பேசுவார். ஒருத்தர் பேசும்போது மற்றவர் காது கொடுக்க மாட்டார். அதனால்தான் நட்பு நாற்பது வருஷம் நின்றது.

"பாய், தண்ணி படக் கூடாது. அவ்வளவுதான் விஷயம். கண்ணுல ஒரு சொட்டுத் தண்ணி படாம கெணத்துக்குள்ள போவணும்."

நூர் பாஷா பீடியை அணைத்தார். இப்படி ஒரு வேலைக்காகத்தான் அவர் முப்பது வருஷம் காத்திருந்தார் என்று தோன்றியது. லாரி ட்யூபை எடுத்து வெட்டினார். டார்ச் லைட்டின் கண்ணாடியைக் கழற்றினார்.

"ஒரு கண்ணாடி போதும். பாக்காத கண்ணுக்குக் கண்ணாடி எதுக்கு, அந்தப் பக்கம் ரப்பராவே இருக்கட்டும்" என்றார். ராவினார், சொல்யூஷன் தடவினார், காய விட்டார், சுத்தியால் தட்டினார். சாயங்காலத்துக்குள் ஒற்றைக்கண் முகமூடி ஒன்று தயாராகிவிட்டது. மாட்டிப் பார்த்தால் ஏதோ சாமிக்கு நேர்ந்துவிட்ட ஆடு மாதிரி இருந்தான் மாதையன்.

மறுநாள் காலை. தீர்த்தம்மாள் கடலைக் கொல்லைக்குக் களை வெட்டப் போயிருந்தாள். செல்லி அலுமினியக் குண்டான் நிறையத் தண்ணீர் கொண்டுவந்தாள். நூர் பாஷா முன்னிலையில் மாதையன் முகமூடியை மாட்டிக்கொண்டு குண்டானுக்குள் முகத்தை அமுக்கினான். பச்சியப்பன் நூறு வரைக்கும் எண்ணினான். எடுத்தபோது கண் காய்ந்த கல் மாதிரி இருந்தது.

"ஒரு பொட்டு ஈரமில்ல" என்றான் மாதையன்.

"யாரு ஒட்டுனது?" என்றார் நூர் பாஷா.

பச்சியப்பனின் கிணற்றுக்கு அவர்கள் போனபோது ஏற்கெனவே ஆட்கள் நின்றிருந்தார்கள். செல்லி யாரிடமும் ஒரு வார்த்தை சொல்லவில்லையாம். நாற்பது ஐம்பது பேர் இருக்கும். லைட்டு வைத்த கண் தண்ணீருக்குள் போனால் கிணறே பச்சையாக எரியும் என்று பேசிக்கொண்டார்கள். வேர்க்கடலையை மடியில் கட்டிக்கொண்டு வந்தவர்களும் இருந்தார்கள்.

பெரிய கிணறு. பங்குனி வெயிலில் தண்ணீர் நன்றாக இறங்கிப்போய், மேலிருந்து பார்த்தால் ஒரு தட்டு அளவுக்குத்தான் மினுங்கியது. முன்பு குதித்ததைவிட இரண்டு ஆள் உயரம் அதிகம். மாதையன் வேட்டியை அவிழ்த்து மடித்தான். விளிம்பில் ஏறினான். முகமூடியை மாட்டினான். கிழக்கே ஒரு பார்வை பார்த்தான். டார்ச் கண்ணாடி வழியாக மலையும் தென்னையும் விளிம்பில் கொஞ்சம் வளைந்து, ஏற்கெனவே தண்ணீருக்குள் இருக்கிற மாதிரி தெரிந்தன. உடம்பு தானாக முன்னால் சாய்ந்தது. நாலு வாரமாகக் கட்டிலைச் சுற்றி நின்ற கிணறு இப்போது காலடியில் அண்ணாந்து படுத்திருந்தது.

கண்ணோரத்தில் பளிச்சென்று ஒன்று வெட்டியது.

மாதையன் அப்படியே நின்றான். இடியில்லை. வெளியே மின்னியதா, உள்ளே மின்னியதா? மறுபடியும் வெட்டியது. நாற்பது பேரும் அவன் மூச்சிழுக்கிறான் என்று நினைத்தார்கள்.

"பாய்" என்றான், உதடு அசையாமல். "அங்க ஏதாச்சும் மின்னுச்சா?"

"எங்க?"

"வலது பக்கம்."

நூர் பாஷா திரும்பிப் பார்ப்பதற்குள் வரப்பில் ஆட்கள் விலகினார்கள். தீர்த்தம்மாள் வந்துகொண்டிருந்தாள். கையில் களைக்கொத்து. கொல்லையிலிருந்து ஓடி வந்திருப்பாள் போல, மூச்சு வாங்கியது. கத்துவாள் என்று எல்லோரும் எதிர்பார்த்தார்கள். செல்லி இரண்டடி பின்வாங்கினாள். ஆனால் தீர்த்தம்மாள் புருஷனைப் பார்க்கவே இல்லை. நேராக நூர் பாஷாவிடம் போனாள்.

"பாய், ஒன்னு கேக்கறன். தப்பா எடுத்துக்காதீங்க."

"கேளு தங்கச்சி."

"லாரி ட்யூப்புக்கு ஒட்டு போடறீங்க. சொல்யூஷன் இன்னும் காயல. அந்த ட்யூப்ப அப்பவே காத்தடிச்சு, மேலருந்து பாறைமேல தூக்கிப் போடுவீங்களா?"

"எவனாச்சும் போடுவானா? ஒட்டு பிச்சுக்காது?"

"ட்யூப்பு மேல தண்ணி படாம துணி சுத்திப் போட்டா?"

நூர் பாஷா சிரிக்க வாயைத் திறந்தார். திறந்த வாய் அப்படியே நின்றது.

"அவரு கண்ணுல லைட்டு வைக்கல பாய். ஒட்டு போட்டிருக்காங்க. ஆறு வாரத்துல இன்னும் ரெண்டு வாரம் பாக்கி. தண்ணிக்காக இல்ல, அதிர்ச்சி ஆவாதுன்னாங்க டாக்டரம்மா. நான் வந்த நாளா தொண்ட கிழியச் சொல்றன். ஒட்டுன்னா என்னான்னு இந்த ஊருல உங்களுக்குத்தான் தெரியும்."

நூர் பாஷா விளிம்பில் நின்ற மாதையனைப் பார்த்தார். வளைந்த கண்ணாடிக்குள் அந்த ஒற்றைக் கண் பெரிதாக, மீன் மாதிரி இவரையே பார்த்துக்கொண்டிருந்தது. அதில் இருந்தது பயம் என்பது அவருக்குப் புரிந்தது. நாற்பது வருஷத்தில் அதை அவர் பார்த்ததில்லை. நாற்பது பேர் வேர்க்கடலையோடு நிற்கிற இடத்தில் மாதையன் தானாக இறங்க மாட்டான் என்பதும் தெரிந்தது.

விறுவிறுவென்று போனார். மாதையன் தலையிலிருந்து முகமூடியைப் பிடுங்கினார். வெயிலில் தூக்கிப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"ஏய், இது ஆவாது" என்றார், எல்லோருக்கும் கேட்கும்படி. "ஒட்டு நிக்கல. தோ, ஓரத்துல வுட்டுடுச்சு."

"நூறு எண்ணினமே பாய்! ஒரு பொட்டு ஈரமில்லையே" என்றான் பச்சியப்பன்.

"உனுக்குத் தெரியுமா எனுக்குத் தெரியுமா? நான் போட்ட ஒட்டு, நான் சொல்றன். சரியில்ல. இத நம்பி ஆள எறக்குனா கொல கேசு."

கூட்டத்தில் சலசலப்பு எழுந்தது. நூர் பாஷா ஒட்டு உரிஞ்சுடுச்சாம் என்று பின்னால் நின்றவர்களுக்குச் சொன்னார்கள். அந்தச் செய்தி பதினோரு ஊருக்கும் போகும் என்று நூர் பாஷாவுக்குத் தெரியும். செல்லி பக்கத்திலேயே நின்றிருந்தாள், அவள் இடுப்பில் வெயில் பட்டுப் பளிச்பளிச்சென்று மின்னியது அலுமினியக் குண்டான்.

மாதையன் அந்தக் குண்டானையே கொஞ்ச நேரம் பார்த்தான். பிறகு விளிம்பிலிருந்து இந்தப் பக்கம் இறங்கி வேட்டியைக் கட்டிக்கொண்டான்.

"பாய் சொன்னா சரியாத்தான் இருக்கும். ஒட்டு விஷயத்துல நான் தலையிடறதில்ல" என்றான்.

தீர்த்தம்மாள் அப்போதுதான் கத்தினாள். ஆனால் புருஷனிடம் இல்லை. "வேடிக்க பாக்க வந்தீங்க இல்ல, எத்தினி பேரு? முப்பது ஆளு வேணுன்னு கேட்டானே எந்தம்பி, கணக்குக்கு மேலயே நிக்கிறீங்க. கயிறு எங்கடா பச்சியப்பா? ஏ செல்லி, குண்டான வெச்சுட்டு வா, நீயும் புடி."

வேர்க்கடலை தின்ற வாயோடு யாராலும் மறுக்க முடியவில்லை. நூர் பாஷா கிணற்றுக்குள் இருக்கிற மோட்டார் மேடையில் இறங்கிக் குழாயின் நட்டைக் கழற்றினார். கயிற்றைக் கட்டி, ஐலசா போட்டு இழுத்தார்கள். மாதையன் பாரம் தூக்கக் கூடாதே, அதனால் ஒரு கல்மேல் உட்கார்ந்து எல்லோருடைய தவறுகளையும் எடுத்துச் சொன்னான். குழாய் பாம்பு மாதிரி ஒழுகிக்கொண்டே மேலே வந்தது. அதன் கடைசியில் இரும்புக் கூடையைச் சுற்றி இறுக்கமாக ஒரு துணி. பிரித்துப் பார்த்தால் பச்சியப்பனின் பட்டாப்பட்டி அண்டிராயர். குளிக்கும்போது தண்ணீரோடு போனது என்று ஒரு மாதமாகத் தேடிக்கொண்டிருந்தானாம்.

அன்று சாயங்காலமே தக்காளிக்குத் தண்ணீர் பாய்ந்தது. பதினோரு ஊரும் நூர் பாஷாவின் ஒட்டைப் பற்றி ஒரு வாரம் பேசியது. மாதையன் மட்டும் பேசவில்லை. தினமும் பொம்மிடிக்கு நடந்துபோய்ப் பஞ்சர் கடையில் உட்கார்ந்து, நூர் பாஷா ஒட்டைப் பற்றிச் சொல்வதைக் காது கொடுத்துக் கேட்டான். நட்புக்கு அது புதுசாக இருந்தது.

சித்திரையில் மெட்ராஸ் போய் வந்தார்கள். டாக்டரம்மா எந்திரத்தில் வைத்துப் பார்த்துவிட்டு, ஒட்டு நன்றாகப் பிடித்திருக்கிறது, மெதுவாக நீந்தலாம் என்றாள். குதிக்கிற கதையை மாதையன் எடுக்கவில்லை. அவளும் எடுக்கவில்லை. கதவுவரை போனவனைக் கூப்பிட்டு, "படி" என்று மட்டும் சொன்னாள்.

மூன்றாம் நாள், வெயில் சாய்கிற நேரம். முந்தின நாள் கோடை மழை பெய்திருந்தது. பச்சியப்பன் சந்தைக்குப் போயிருந்தான். வயலில் ஒரு ஆள் இல்லை. கிணற்று மேட்டில் தீர்த்தம்மாள் மாற்று வேட்டியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். மாதையன் வரப்பில் அந்தக் கோடிவரை பார்த்தான், இந்தக் கோடிவரை பார்த்தான்.

"யாருமில்ல" என்றாள் தீர்த்தம்மாள். கொஞ்சம் பொறுத்து, "நானும் இல்ல" என்று சொல்லிவிட்டு, மலைப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

அவன் விளிம்பைச் சுற்றிக்கொண்டு படி இருக்கிற பக்கம் போனான். சுவரில் கல்லை நீட்டிவிட்ட படிகள், ஒரு காலுக்கு ஒன்று. முதல் படியில் கால் வைத்தபோது எந்தக் கால் முன்னால் போக வேண்டும் என்று தெரியாமல் நின்றான். இறங்கினான். முப்பது வருஷமாக இந்தக் கிணற்றைத் தனக்குத் தெரியும் என்று நினைத்திருந்தான். சுவரில் இத்தனை பெரணிச் செடி இருப்பது, மேலே பார்த்தே ஏறிப் பழகியவனுக்குத் தெரியாது. ஒரு சந்தில் சிட்டு மாதிரி ஏதோ ஒரு பறவை கூட்டில் உட்கார்ந்து அவனைப் பார்த்தது, பறக்கவில்லை. கொஞ்சம் கீழே, கல் இடுக்கிலிருந்து ஊற்றுக் கசிந்து, நூல் மாதிரி சுவரோடு இறங்கிக்கொண்டிருந்தது. நேற்றைய மழையாக இருக்கும். அவசரமே இல்லாமல், ஒவ்வொரு கல்லாகத் தொட்டுத் தொட்டு அது கீழே போனது.

மாதையன் அந்த ஈரத்தை விரலால் தொட்டுப் பார்த்தான்.

வெளிச்சம் மேலே போகப் போகக் குளிர்ச்சி கீழிருந்து ஏறி வந்தது. கணுக்காலில் தண்ணீர் பட்டது. இப்படி ஒரு ஓரத்திலிருந்து தண்ணீர் தன்னைத் தொட்டதே இல்லை என்று அவனுக்குத் தோன்றியது. இடது கையால் சுவரைப் பிடித்துக்கொண்டு, தண்ணீருக்குள் இருக்கிற அடுத்த படியைக் காலால் தேடினான்.